பூவுக்காக வெட்டிக்கொண்ட இருவர்: குறும்படத்தில் போரின் அபத்தமும் நாடகமும்

1

போர்ப் படம் என்றால் நமக்குப் பழகிப்போன ஒரு வடிவம் இருக்கிறது. முதல் அரை மணி நேரம் கதாநாயகனின் ஊர், அம்மா, காதலி. அப்புறம் சீருடை, அப்புறம் சண்டை. கடைசியில் சவப்பெட்டிமேல் கொடி. இரண்டரை மணி நேரம் ஓடும் படத்துக்கு ஒரு வசதி உண்டு: காரணம் சொல்ல அதனிடம் நேரம் இருக்கிறது. செத்தவனுக்கு ஒரு கதை கொடுத்து, அந்தக் கதை வழியாகச் சாவுக்கு ஒரு அர்த்தம் கொடுத்து, நம்மை அழவைத்து வீட்டுக்கு அனுப்பிவிடும். அழுதுவிட்டால் கேள்வி கேட்க வேண்டியதில்லை.

குறும்படத்துக்கு இந்த வசதி கிடையாது. எட்டு நிமிடத்தில் யாருக்கும் அம்மாவையும் ஊரையும் கொடுக்க முடியாது. எனவே அது செய்கையை மட்டும் காட்டுகிறது. காரணம் கழன்றுபோன செய்கையைப் பார்த்தால் எப்படி இருக்கும்? ஒன்று, கிறுக்குத்தனமாக இருக்கும். இல்லையென்றால், யாரோ ஒத்திகை பார்த்துவிட்டு வந்து நடித்துக் காட்டும் கூத்தாக இருக்கும். முதலாவதை அபத்தம் என்கிறோம், இரண்டாவதை நாடகத்தன்மை என்கிறோம். இரண்டையும் சேர்த்துக் குழப்பிக்கொள்ளும் பழக்கம் நம் விமரிசனத்தில் உண்டு. பிரித்துப் பார்ப்பது நல்லது.

அபத்தம் என்பது வெறும் அர்த்தமின்மை அல்ல. ஆல்பெர் காம்யு 1942இல் எழுதிய 'சிசிபஸ் புராணம்' நூலில் இதற்கு ஒரு போர்க்கள உதாரணமே தருகிறார்: இயந்திரத் துப்பாக்கிகளை நோக்கி வெறும் வாளோடு ஓடுகிறவன். அவன் நோக்கத்துக்கும் அவன் எதிரே இருக்கும் நிஜத்துக்கும் பொருத்தமே இல்லை. அந்தப் பொருத்தமின்மைதான் அபத்தம். நாடகத்தன்மை வேறு. போர் தன்னைக் காட்டிக்கொள்ள எடுத்துக்கொள்ளும் வேஷம் அது: சீருடை, அணிவகுப்பு, கொடி, கட்டளைக் குரல், பார்க்க ஒரு கூட்டம். அபத்தத்தை மறைக்கத்தான் நாடகம் தேவைப்படுகிறது. நல்ல குறும்படங்கள் நாடகத்தைக் கொஞ்சம் விலக்கி உள்ளே இருக்கும் அபத்தத்தை எட்டிப்பார்க்கின்றன.

இதையெல்லாம் எழுத நினைத்ததற்குக் காரணம் ஒரு மாலைப்பொழுது. நண்பர்கள் பத்துப் பதினைந்து பேர் கூடி, நார்மன் மெக்லாரனின் 'அண்டை வீட்டார்' (1952) படத்தைச் சுவரில் போட்டுப் பார்த்தோம். எட்டு நிமிடம். எல்லோரும் சிரித்தோம், பிறகு சிரிப்பு நின்றது. விளக்கைப் போட்டதும் 'மானுட நேயம்', 'போர் எதிர்ப்பு' என்று பேச்சு ஆரம்பித்தது. அகதி முகாமில் வளர்ந்த ஒரு தோழி மட்டும் பேசாமல் இருந்தார். கடைசியில் சொன்னார்: "ரெண்டு பேருக்கும் ஒரே மாதிரி வீடு, ஒரே மாதிரி நாற்காலி. எங்களுக்கு நடந்தது இப்படியில்லை தோழர்." யாரிடமும் பதில் இல்லை. இந்தக் கட்டுரை அந்த வாக்கியத்துக்குப் பதில் தேடும் முயற்சி.

2

சினிமா பிறந்து மூன்று நான்கு ஆண்டுகளுக்குள்ளேயே போர் அதற்குள் வந்துவிட்டது. வந்ததே வேஷம் கட்டிக்கொண்டுதான்.

1898இல் ஸ்பெயினுக்கும் அமெரிக்காவுக்கும் போர் மூண்டபோது, வைட்டாகிராஃப் கம்பெனியின் ஸ்டூவர்ட் பிளாக்டனும் ஆல்பெர்ட் ஸ்மித்தும் ஸ்பானியக் கொடியை ஒரு கை இழுத்து இறக்குவதைப் படம் எடுத்தார்கள். அது போர்க்களத்தில் எடுத்ததல்ல, நியூயார்க்கில் எடுத்தது. சாந்தியாகோ கடற்போரை எப்படி எடுத்தோம் என்று ஸ்மித் பல ஆண்டுகள் கழித்துத் தன் நினைவுக்குறிப்பில் சொல்கிறார்: கப்பல்களின் புகைப்படங்களை வெட்டி எடுத்துக் கொஞ்சம் தண்ணீரில் மிதக்கவிட்டு, சிட்டிகை வெடிமருந்து வைத்து, புகைக்கு சிகரெட்டை ஊதினார்களாம். அவர் சொன்னதில் மிகை இருக்கலாம். ஆனால் அப்படிச் சொல்லிக்கொள்வதில் அவருக்கு வெட்கம் இல்லை என்பதைக் கவனிக்க வேண்டும்.

1900இல் ஜேம்ஸ் வில்லியம்சன் எடுத்த 'சீன மிஷன்மீது தாக்குதல்' இங்கிலாந்தின் ஹோவ் நகரத்து வீடு ஒன்றின் முன் நடந்தது. சீனாவில் பாக்ஸர் கிளர்ச்சி நடந்துகொண்டிருந்த நேரம் அது. தென்னாப்பிரிக்காவின் போயர் போர்க் காட்சிகளை மிட்செல்–கென்யன் கம்பெனி பிளாக்பர்ன் பக்கத்து வயல்வெளிகளில் எடுத்துக் கொடுத்தது. உள்ளூர்க்காரர்களே போயர், உள்ளூர்க்காரர்களே பிரிட்டிஷ் சிப்பாய். நல்லவன் யார், கெட்டவன் யார் என்று தொப்பியைப் பார்த்தே சொல்லிவிடலாம்.

இதையெல்லாம் வெறும் ஏமாற்று வேலை என்று ஒதுக்கிவிடக்கூடாது. இந்த ஒரு நிமிட, இரண்டு நிமிடப் படங்கள் ஒரு வேலையைச் செய்து முடித்தன. தூரத்தில் நடக்கும் காலனியப் படுகொலையை, தெருமுனைக் கொட்டகையில் உட்கார்ந்து கைதட்டிப் பார்க்கிற காட்சியாக மாற்றின. போர் எப்படித் தெரியவேண்டும் என்ற இலக்கணத்தை முதலில் எழுதியவை இவைதான். பிறகு வந்த நிஜப் போர்கள் இந்த இலக்கணத்துக்குள் பொருந்த வேண்டியதாயிற்று.

பொருந்தாதபோது என்ன ஆகும் என்பதற்கு 1916 சாட்சி. 'சொம் போர்' என்ற பிரிட்டிஷ் விவரணப்படம் குறும்படம் அல்ல, ஒரு மணி நேரத்துக்கு மேல் ஓடும். ஆனால் உலகம் நினைவில் வைத்திருப்பது அதிலுள்ள சில நொடிகளைத்தான்: பதுங்கு குழியிலிருந்து வீரர்கள் மேலேறுகிறார்கள், ஒருவன் சரிந்து கீழே வழுக்கி விழுகிறான். அந்தச் சில நொடிகள் போர்முனையில் எடுக்கப்பட்டவை அல்ல. பின்வரிசையில் இருந்த பயிற்சிக் களத்தில் நடித்து எடுக்கப்பட்டவை. உண்மையான தாக்குதலுக்குப் போகிறவன் முதுகில் இருக்கவேண்டிய மூட்டைகூட அந்த வீரர்களிடம் இல்லை. 1916 ஜூலை 1 அன்று, ஒரே நாளில், பிரிட்டிஷ் படையில் மட்டும் 19,000க்கும் மேற்பட்டவர்கள் செத்தார்கள். காமிராவும் அங்கேதான் இருந்தது. அதன் கண்ணுக்குக் கிடைத்தது புகையும் தூரத்துப் புள்ளிகளும்தான். நிஜச் சாவு படத்தில் விழவில்லை. நடித்த சாவுதான் பார்வையாளரை அழவைத்தது. போரின் நாடகத்தன்மை என்று நான் சொல்வது இதைத்தான். நிஜம் நிகழும்போதே அதற்கு ஒரு நடிகன் தேவைப்படுகிறான்.

3

அடுத்த படி இந்த நாடகத்தைத் திருப்பி அடிப்பது. அதைச் செய்தது இரண்டு நிமிட அளவிலான ஒரு படம்.

லெனி ரீஃபென்ஸ்டாலின் 'மனத்திடத்தின் வெற்றி' (1935) படத்தை நாம் அறிவோம். 1934 நூரெம்பர்க் மாநாட்டில் ஆயிரக்கணக்கான கால்கள் ஒரே காலாக எழுந்து விழும். மனிதர்கள் தூண்கள் ஆகிவிடுவார்கள். 1941–42இல் பிரிட்டிஷ் தகவல் அமைச்சகத்துக்காக சார்லஸ் ரிட்லி என்பவர் அந்தப் படத்தின் துண்டுகளையே எடுத்து ஒரு வேலை செய்தார். புதிதாக ஒரு ஃபிரேம்கூட எடுக்கவில்லை. அணிவகுப்பை முன்னால் ஓட்டி, பின்னால் ஓட்டி, மறுபடி முன்னால் ஓட்டி, 'லாம்பெத் வாக்' என்ற லண்டன் ஆட்டப் பாட்டின் தாளத்துக்கு வெட்டி ஒட்டினார். அவ்வளவுதான். நாஜிப் படை குதித்துக் குதித்து ஆடுகிறது. ஹிட்லர் கையைத் தூக்கித் தூக்கி இறக்குகிறார். லண்டன் உழைக்கும் மக்கள் பேட்டையின் பெயரைக் கொண்ட பாட்டுக்குப் பேரரசு நடனமாடுகிறது.

இது கேலி மட்டுமல்ல, ஒரு விளக்கமும்கூட. அணிவகுப்புக்கும் நடனத்துக்கும் உள்ள தூரம் எவ்வளவு என்று கேட்கிறது. பதில்: ஃபிரேம்களின் வரிசை மாறுகிற அளவுதான். அந்தக் கால்கள் முதலிலிருந்தே ஆடிக்கொண்டுதான் இருந்தன, நாம் அதை வரலாறு என்று நம்பிக்கொண்டிருந்தோம். பிரெக்ட் நாடக மேடையில் செய்ய நினைத்த அந்நியமாக்கலை இங்கே கத்திரிக்கோல் செய்துவிட்டது. நம் கூத்தில் கட்டியக்காரன் செய்வதும் இதற்குப் பக்கத்தில் வருகிற வேலைதான். ராஜா கம்பீரமாக வந்து நின்றதும் ஏதாவது குறும்பாகச் சொல்லி, வேஷத்துக்குள் இருப்பவன் நம்ம ஊர்க்காரன் என்று ஞாபகப்படுத்திவிடுவான்.

ஒரு எச்சரிக்கையும் வேண்டும். ரிட்லியின் படமும் ஒரு அரசின் பிரசாரம்தான். அதே காலத்தில் இந்தியாவை ஆண்டுகொண்டிருந்த அரசு அது. எதிரியின் அணிவகுப்பைப் பார்த்துச் சிரிப்பது சுலபம். தன் அணிவகுப்பைப் பின்னால் ஓட்டிப் பார்க்கிற தைரியம் எந்த அரசுக்கும் இல்லை. இயக்கங்களுக்கும் இருந்ததாகத் தெரியவில்லை.

4

இப்போது மெக்லாரனுக்கு வருவோம்.

ஸ்காட்லாந்துக்காரர். 1936இல் ஐவர் மாண்டேகுவின் குழுவோடு ஸ்பெயின் உள்நாட்டுப் போருக்குக் காமிராவைத் தூக்கிக்கொண்டு போனவர். அதே ஆண்டு ஹெலன் பிக்கருடன் சேர்ந்து ஆயுத வியாபாரத்துக்கு எதிராக ஒரு படம் எடுத்தார். பிறகு கனடா தேசியத் திரைப்பட வாரியத்தில் சேர்ந்தார். 1949இல் யுனெஸ்கோ வேலையாகச் சீனாவில் இருந்தபோது புரட்சியை நேரில் பார்த்தார். ஊர் திரும்பிய பிறகு, 1950இல் கொரியப் போர். நேற்றுப் பார்த்த சீன மனிதர்கள் இன்று எதிரிகள் என்று வானொலி சொல்கிறது. இந்த மனக்குழப்பத்திலிருந்துதான் 'அண்டை வீட்டார்' வந்தது.

கதை இவ்வளவுதான். அட்டையில் வெட்டிய இரண்டு வீட்டு முகப்புகள். முன்னால் இரண்டு சாய்வு நாற்காலிகள், இரண்டு ஆண்கள், வாயில் பைப், கையில் செய்தித்தாள். ஒன்றில் 'சமாதானம் இல்லையேல் போர் நிச்சயம்' என்ற தலைப்பு, இன்னொன்றில் 'போர் இல்லையேல் சமாதானம் நிச்சயம்'. நடுவில் ஒரு பூ முளைக்கிறது. இருவரும் முகர்ந்து பரவசமாகிறார்கள். பூ யாருடையது? வேலி போடுகிறார்கள். வேலி யார் பக்கம்? அடிதடி. வேலிக்கட்டை வாளாகிறது. முகங்களில் கோரமான வண்ணங்கள் ஏறுகின்றன. ஒருவன் மற்றவன் வீட்டைத் தள்ளிவிட்டு, உள்ளே இருக்கும் மனைவியையும் கைக்குழந்தையையும் உதைத்துக் கொல்கிறான். மற்றவனும் அதையே செய்கிறான். பூ மிதிபடுகிறது. இருவரும் சாகிறார்கள். வேலிக்கட்டைகள் தாமாக நகர்ந்து கல்லறைகளைச் சுற்றி நிற்கின்றன. ஒவ்வொரு கல்லறைமேலும் ஒரு பூ. முடிவில் 'அண்டை வீட்டாரை நேசி' என்று பல மொழிகளில் எழுத்துகள்.

இதில் உத்தியும் கருத்தும் ஒன்று. பொம்மைகளை ஃபிரேம் ஃபிரேமாக நகர்த்திப் படம் எடுப்பதுபோல, உயிருள்ள நடிகர்களை ஃபிரேம் ஃபிரேமாக நிறுத்தி எடுத்திருக்கிறார்கள். இதற்குப் 'பிக்சிலேஷன்' என்று பெயர். நடித்த இருவரில் ஒருவரான கிராண்ட் மன்றோ வைத்த பெயர். இதனால் மனிதர்கள் தரையில் கால் பாவாமல் வழுக்குகிறார்கள், காற்றில் மிதக்கிறார்கள். ஓர் உதையும்கூட முழு உதையாக நடக்கவில்லை, நின்ற நிலைகளின் தொகுப்பு அது. ஒலியும் அப்படித்தான். எந்த வாத்தியமும் வாசிக்கப்படவில்லை. ஃபிலிமின் ஒலிப்பட்டையில் கோடுகளாகவே உண்டாக்கிய சத்தம். ஆக இந்தப் போரில் ஒரு அசைவுகூட இயற்கையானது இல்லை. போர் மனித சுபாவம் என்று சொல்கிறவர்களுக்கு இதைவிட நல்ல பதில் எனக்குத் தெரியவில்லை. கோபம்கூட இங்கே கையால் செய்து வைக்கப்பட்ட பொருள்.

இந்தப் படத்துக்கு ஆஸ்கர் கிடைத்தது. எந்தப் பிரிவில் தெரியுமா? விவரணக் குறும்படம்! அட்டை வீட்டையும் காற்றில் மிதக்கும் ஆட்களையும் ஹாலிவுட் ஆவணம் என்று எடுத்துக்கொண்டது. ஏதோ தவறுதலில் உண்மையைச் சொல்லிவிட்டார்கள் என்றுதான் தோன்றுகிறது.

படத்தில் எனக்கு உறுத்தும் ஒரு இடத்தையும் சொல்லவேண்டும். வன்முறை உச்சத்துக்குப் போகும்போது இந்த இரண்டு வெள்ளைக்காரக் கனவான்களின் முகத்தில் 'காட்டுமிராண்டி' வண்ணம் ஏறுகிறது. அதாவது கொலை செய்யும்போது நாகரிகன் பழங்குடியாகிவிடுகிறான். இது காலனியச் சொல்லாடல். இருபதாம் நூற்றாண்டின் பெரிய கொலைகளைச் செய்தவர்கள் சவரம் செய்த முகத்தோடு, இஸ்திரி போட்ட சட்டையோடு, கோப்பில் கையெழுத்துப் போட்டுத்தான் செய்தார்கள்.

5

இனி தோழியின் வாக்கியம்.

அவர் சொன்னது மெக்லாரனின் அடித்தளத்தையே கேள்வி கேட்கிறது. ஒரே வீடு, ஒரே நாற்காலி, ஒரே பலம், ஒரே குற்றம். பூ வழியாகக் கிடைப்பது இந்தச் சமன்பாடுதான். இரண்டு வல்லரசுகளின் பனிப்போருக்கு அது பொருந்தும். விமானம் வைத்திருப்பவனுக்கும் பதுங்கு குழி வெட்டிக்கொண்டிருப்பவளுக்கும் பொருந்துமா? எல்லாப் போரும் அபத்தம், இரு தரப்பும் முட்டாள் என்று சொல்லி முடித்துவிட்டால் ஒடுக்கியவன் சந்தோஷமாகத் தலையாட்டுவான். அபத்தம் என்ற சொல் கணக்குத் தீர்க்கும் சொல்லாகிவிடும்.

இதற்குப் பக்கத்தில் இன்னொரு விபத்தும் இருக்கிறது. 1991 வளைகுடாப் போரின்போது ழான் போத்ரியார், இந்தப் போர் நடக்கவேயில்லை என்ற பொருளில் மூன்று கட்டுரைகள் எழுதினார். தொலைக்காட்சியில் வந்தது போர் அல்ல, போரின் பாவனை என்பது வாதம். வாதம் புரிகிறது. ஆனால் எல்லாமே பாவனை என்று தொலைக்காட்சி முன் உட்கார்ந்து சொல்வது ஒன்று, குண்டு விழுந்த தெருவில் நின்று சொல்வது இன்னொன்று. நாடகத்தன்மையைப் பற்றிப் பேசும் நாம் ரத்தம் மட்டும் நாடகம் இல்லை என்பதை மறந்துவிடக்கூடாது.

சரி, மெக்லாரனைத் தூக்கிப் போட்டுவிடலாமா? முடியவில்லை. காரணம், படத்துக்கு நேர்ந்த ஒரு சம்பவம். மனைவியும் குழந்தையும் கொல்லப்படும் காட்சி வேண்டாம் என்று அமெரிக்க விநியோகத்தில் எதிர்ப்பு வந்து, அதை வெட்டிவிட்டார்கள். ஆண்கள் இருவரும் கொன்றுகொள்வது வேடிக்கை, அது இருக்கலாம். அந்தக் காட்சி மட்டும் கூடாது. பதினைந்து ஆண்டு கழித்து, 1967இல், வியட்நாம் போர் நடந்துகொண்டிருந்தபோது, அந்தக் காட்சி மறுபடி சேர்க்கப்பட்டது.

ஏன் அது வெட்டுப்பட்டது? படம் முழுக்க ஓடிவரும் சமன்பாடு அந்த இடத்தில்தான் உடைகிறது. அந்தப் பெண்கள் பூவை முகரவில்லை, செய்தித்தாள் படிக்கவில்லை, வேலி போடவில்லை. குழந்தைக்கு என்ன தெரியும்? அந்த இடத்தில் சிரிப்பு தொண்டையில் நிற்கிறது. அங்கே அபத்தம் இரு தரப்புக்கும் பொதுவானதாக இல்லை. தோழியின் வாக்கியம் படத்துக்கு வெளியே இருக்கிறது என்று நினைத்தோம். அது படத்துக்குள்ளேயே இருந்திருக்கிறது, வெட்டுப்பட்ட சில நொடிகளாக. வியட்நாம் என்ற சமமில்லாத போர் வந்துதான் அதைத் திருப்பிக் கொண்டுவந்தது.

சமமின்மையையே மையமாக வைத்த குறும்படங்களும் உண்டு. ராபெர் என்ரிகோவின் 'ஆந்தை ஓடை' (1962), ஆம்ப்ரோஸ் பியர்ஸ் 1890இல் எழுதிய கதையின் பிரெஞ்சுப் படவடிவம். அமெரிக்க உள்நாட்டுப் போர். ஒரு பாலத்தில் ஒரு ஆளைத் தூக்கிலிட ஒரு படையே அணிவகுத்து நிற்கிறது. பேச்சு கிடையாது. கட்டளை, காலடி, கயிறு. பலகையின் ஒரு முனையில் அவன், மறுமுனையில் ஒரு சிப்பாய். சிப்பாய் காலை எடுத்தால் போதும். ஒரு உயிரைப் போக்க இவ்வளவு ஒழுங்கு, இவ்வளவு சடங்கு. கயிறு அறுந்து அவன் தப்பி ஓடுவதை நம்பிப் பார்த்துக்கொண்டே வருகிறோம். கடைசி நொடியில் கழுத்து முறிகிறது. தப்பித்ததெல்லாம் விழுகிற நேரத்துக் கனவு. ஆனால் பியர்ஸின் கதையில் அவன் அடிமைகளை வைத்திருந்த தோட்ட முதலாளி. படம் அதைப் பேசுவதில்லை. கயிற்றில் தொங்குவதாலேயே ஒருவன் நியாயவான் ஆகிவிடமாட்டான் என்பதையும் சேர்த்துத்தான் இந்தப் படத்தைப் பார்க்கவேண்டும்.

பீட்டர் வாட்கின்ஸ் 'மறக்கப்பட்ட முகங்கள்' (1960) படத்தில் 1956இன் ஹங்கேரி எழுச்சியை இங்கிலாந்தின் காண்டர்பரி தெருக்களில், தொழில்முறை அல்லாத நடிகர்களை வைத்து எடுத்தார். செய்திப்படம் மாதிரியே இருக்கும். பிளாக்பர்ன் வயலில் செய்ததும் இதே வித்தைதானே என்று கேட்கலாம். வித்தை ஒன்று, வேலை வேறு. அங்கே நடிப்பு, தூரத்துச் சாவை வேடிக்கையாக்கியது. இங்கே நடிப்பு, காமிரா போகமுடியாத இடத்து முகங்களை நம் பக்கத்தில் கொண்டுவந்து நிறுத்துகிறது. நாடகமாக இருப்பது குற்றமில்லை. யாருடைய பக்கம் நின்று நாடகம் போடுகிறாய் என்பதுதான் கேள்வி.

6

எம்.ஏ.வில் புறத்திணை படித்தபோது போருக்கு இவ்வளவு பூக்களா என்று ஆச்சரியப்பட்டதுண்டு. ஆநிரை கவர்ந்தால் வெட்சி, மீட்டால் கரந்தை. கோட்டையை முற்றுகையிட்டால் உழிஞை, உள்ளிருந்து காத்தால் நொச்சி. இரு படையும் களத்தில் நேருக்கு நேர் மோதினால் தும்பை. வென்றால் வாகை. பூ என்பது இங்கே வேஷம், அரிதாரம். போர் நாடகம் என்பதை நம் இலக்கணக்காரர்கள் மறைக்கவில்லை, உடை அலங்காரத்தோடு எழுதிவைத்தார்கள்.

மெக்லாரனின் படத்தை இப்போது இந்தப் பக்கத்திலிருந்து பார்த்தால் ஒன்று புரிகிறது. அவர் எடுத்தது தும்பைப் போர். இரு தரப்பும் ஒரே பூச் சூடும் போர் அது ஒன்றுதான். தோழி பார்த்தது உழிஞையும் நொச்சியும். முற்றுகையிட்டவன் பூ வேறு, முற்றுகைக்குள் இருந்தவன் பூ வேறு. இந்த வித்தியாசத்தைத் தமிழ் இலக்கணம் ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே அறிந்திருந்தது, நாம்தான் 'எல்லாப் போரும் ஒன்று' என்று சொல்லி மறந்துபோனோம்.

ஆனால் நொச்சி சூடியவனும் மன்னன்தான். கோட்டைக்குள் பசித்துக் கிடந்தவளுக்கு இலக்கணத்தில் பூ கிடையாது. 2009இல் வன்னியில் இலங்கை அரசு 'பாதுகாப்பு வலயம்' என்று அறிவித்து மக்களை வரச்சொன்ன இடங்களிலேயே குண்டுகள் விழுந்தன. நடந்ததை 'மனிதாபிமான நடவடிக்கை' என்று அழைத்தார்கள். மக்கள் வெளியேறவிடாமல் புலிகள் தடுத்ததையும், வெளியேறியவர்களைச் சுட்டதையும் 2011இல் வந்த ஐ.நா. நிபுணர் குழு அறிக்கை சேர்த்தே சொல்கிறது. மே மாதம் போர் முடிந்தது, ஜூனில் கொழும்பில் வெற்றி அணிவகுப்பு. வாகை சூடியாயிற்று. காம்யு சொன்ன பொருத்தமின்மைக்கு இதைவிட என்ன உதாரணம் வேண்டும்? வலயத்தின் பெயர் பாதுகாப்பு.

இன்றைக்குக் கையில் ஒரு போன் இருந்தால் குறும்படம் எடுத்துவிடலாம். நம் இளைஞர்களும் எடுக்கிறார்கள். பலவற்றில் சீருடையும் மெதுவாக ஓடும் கால்களும் பின்னணி இசையும்தான் இருக்கின்றன. துயரத்தைச் சொல்ல வந்தவர்கள்கூட அணிவகுப்பின் மொழியில்தான் சொல்கிறார்கள். இரண்டரை மணி நேரப் படத்தை ஐந்து நிமிடத்தில் சுருக்கினால் அது குறும்படம் ஆகாது. ரிட்லியிடமிருந்து கற்கவேண்டியது, யாருடைய அணிவகுப்பானாலும் ஒருமுறை பின்னால் ஓட்டிப் பார்ப்பது. மெக்லாரனிடமிருந்து கற்கவேண்டியது, சிரிப்பு எந்த இடத்தில் நிற்கவேண்டும் என்பது.

சிரிக்கலாமா என்று கேட்டால், சிரிக்கலாம். கொடியைப் பார்த்து, நெஞ்சு நிமிர்த்தி நிற்பதைப் பார்த்து, வேலியைப் பார்த்துச் சிரிக்கலாம். அட்டை வீடு சரிந்து உள்ளே இருந்தவள் தெரிகிற இடத்தில் சிரிப்பை நிறுத்திவிட வேண்டும். அந்தச் சில நொடிகளை யாராவது வெட்ட வருவார்கள், நம் ஆட்களே வருவார்கள். வெட்டவிடக்கூடாது.

தோழியிடம் வெட்டுப்பட்ட காட்சியின் கதையைச் சொன்னேன். கேட்டுக்கொண்டிருந்தார். "அப்ப அதை மட்டும் இன்னொருக்காப் போடுங்கோ" என்றார். போட்டோம். இந்தத் தடவை யாரும் பேசவில்லை.